‘பார்த்தேன்’ என்று பதிவானது

“கடைசியா உங்க வீட்டுக்காரரை எப்பம்மா பார்த்தீங்க?”

அரசு வக்கீல் இதை ஒரு சம்பிரதாயத்துக்காகத்தான் கேட்டார். கூண்டில் நின்ற அம்மாவுக்கு அப்போது நாற்பது வயது இருக்கும். ராமேஸ்வரம் தீவில் ஒரு கடலோரக் குடியிருப்பு. நாட்டுப்படகில் போன கணவர் திரும்பவில்லை. படகு கிடைக்கவில்லை, உடலும் ஒதுங்கவில்லை. ஏழு வருடம் காத்திருந்துவிட்டு, அவர் இறந்துவிட்டதாக அறிவிக்கச் சொல்லி வழக்குப் போட்டிருந்தோம். அவருடைய வக்கீலாக முதல் விசாரணைக்கான பிரமாண வாக்குமூலத்தை எழுதியது நான். “அன்று அதிகாலை சுமார் 2 மணிக்கு என் கணவர் கடலுக்குப் புறப்பட்டதைப் பார்த்தேன். அதன் பிறகு இன்றுவரை அவரைப் பார்க்கவில்லை.” படித்துக் காட்டித்தான் கையெழுத்து வாங்கினேன். தலையை ஆட்டிக் கேட்டுக்கொண்டார். கூண்டிலும் அதையே சொல்லிவிட்டு இறங்க வேண்டியதுதான்.

“பாக்கலங்கய்யா. சத்தந்தான் கேட்டேன்” என்றார்.

“என்ன சத்தம்?”

“கேன் கதவுல முட்டுன சத்தம். நான் எந்திரிக்காமப் படுத்துக் கெடந்தேன்.”

எனக்கு வயிற்றைக் கலக்கியது. வாக்குமூலம் ஒன்று, வாய் ஒன்று. குறுக்கு விசாரணை முடிந்ததும் நம் சாட்சியிடம் நாமே மறுபடி கேட்கும் மறுவிசாரணைக்கு எழுந்தேன். “அதாவது, அவர் கிளம்பும்போது நீங்க வீட்டிலதான் இருந்தீங்க, அவர் போனதைப் பார்த்தீங்க, சரிதானே?” பதிலை வாயில் ஊட்டுகிற இந்த மாதிரிக் கேள்வியை மறுவிசாரணையில் கேட்கக்கூடாது. எதிர்த்தரப்பு ஆட்சேபித்திருந்தால் உட்கார்ந்திருப்பேன். அவர் ஆட்சேபிக்கவில்லை. அந்த அம்மா என் முகத்தைப் பார்த்தார், என்ன புரிந்ததோ, “சரிங்கய்யா” என்றார். டைப்பிஸ்ட் அடித்தார்: “அவர் புறப்பட்டுப் போனதைப் பார்த்தேன் என்றால் சரிதான்.”

தீர்ப்பு எங்களுக்குச் சாதகமாக வந்தது. சாட்சியச் சட்டம் 1872இல் 108ஆம் பிரிவு, 2024 ஜூலை முதல் நடைமுறையில் இருக்கும் புதிய சட்டத்தில் 111. ஒருவர் உயிரோடு இருந்தால் யாருக்கெல்லாம் இயல்பாகச் சேதி தெரிந்திருக்குமோ, அவர்களுக்கு ஏழு வருடமாகச் சேதி இல்லையென்றால், உயிரோடு இருக்கிறார் என்று சொல்பவர்தான் அதை நிரூபிக்க வேண்டும். கடலோரத்தில் தொழில் செய்யும் வக்கீலுக்கு இது மனப்பாடம்.

தீர்ப்பு நகல் வாங்க வந்த அன்று கோர்ட் வராந்தாவில் அந்த அம்மா கேட்டார்: “தேதி போட்டுக் குடுத்திருக்காகளாய்யா? எந்தத் தேதிக்குத் திதி குடுக்கிறது?”

சட்டம் இறந்தார் என்று ஊகிக்கும். எப்போது இறந்தார் என்று ஊகிக்காது. அதைத் தனியாக நிரூபிக்க வேண்டும், எங்களிடம் ஒன்றும் கிடையாது. நாடு முழுவதிலிருந்தும் ரயிலேறி வந்து அக்னி தீர்த்தத்தில் திதி கொடுக்கிறார்கள். அந்தத் தீவிலேயே பிறந்து வளர்ந்தவருக்குத் தேதி இல்லை. “ஆடி அமாவாசைக்குக் குடுத்திருங்கம்மா” என்று சொல்லிவிட்டு அடுத்த கேஸுக்கு ஓடினேன்.

அதற்கு முன்பும் நான் கதைகள் எழுதிக்கொண்டிருந்தேன். ஏழெட்டு, சிற்றிதழ்களில் வந்தும் இருந்தன. “கோர்ட்டுல தினம் கதைதான, உங்களுக்கென்ன சார் பஞ்சம்?” என்று நண்பர்கள் கேட்பார்கள். அவர்கள் நினைப்பது சம்பவங்களை. சம்பவத்துக்குப் பஞ்சமே இல்லைதான். டீக்கடையிலும் சம்பவம் இருக்கிறது, பேருந்திலும் இருக்கிறது. எனக்குக் கோர்ட் கொடுத்தது வேறு. ஒரு மனிதன் சொன்னதற்கும் அது எழுத்தில் ஏறியதற்கும் நடுவில் என்ன உதிர்ந்தது என்று பார்க்கும் பழக்கம். உதிரச் செய்ததில் எனக்கும் பங்கு உண்டு என்பதால் கொஞ்சம் கூர்மையாகவே பார்க்கிறேன்.

என் சீனியர் ராமநாதபுரத்தில் சிவில் பார்த்தவர். கதை எழுதுவது தெரிந்ததும், “வக்கீலுக்கு எதுக்குய்யா கதை?” என்றார். தமிழின் முதல் நாவலை 1879இல் வெளியிட்ட வேதநாயகம் பிள்ளை மாயூரத்தில் முன்சீபாக இருந்தவர்தானே என்றேன். “அவர் முன்சீப். சம்பளம் வந்துச்சு” என்று பேச்சை முடித்துவிட்டார்.

ஆனால் எழுத்துக்கு உதவிய முதல் பாடத்தைத் தந்தவரும் அவர்தான், தெரியாமலே. நான் எழுதிய முதல் பிராதைப் படித்துவிட்டுச் சிவப்பு மையால் பாதியை அடித்தார். “சங்கதியை எழுது, சாட்சியத்தை எழுதாதே” என்றார். உரிமையியல் விசாரணை முறைச் சட்டம் ஆணை 6 விதி 2 அதைத்தான் சொல்கிறது. வழக்குரையில் முக்கியமான சங்கதிகள் மட்டும் வர வேண்டும், அவற்றை எப்படி நிரூபிக்கப் போகிறோம் என்பது வரக்கூடாது. “வாதியின் கணவர் கடலுக்குச் சென்று திரும்பவில்லை” என்பது சங்கதி. கேன் கதவில் முட்டியது சாட்சியம்.

கதை எழுதும்போது இதை அப்படியே தலைகீழாகப் பிடித்துக்கொள்ள வேண்டும் என்பது எனக்கு உறைக்கப் பத்து வருடம் ஆனது. “அவள் துயரத்தில் ஆழ்ந்தாள்”, “அவனுக்கு அண்ணன் மீது பொறாமை இருந்தது” எல்லாம் பிராது வரிகள். என் பழைய கதைகளை எடுத்துப் பார்த்தால் பாதி அப்படித்தான் கிடக்கின்றன. இப்போது முதல் படி எழுதி முடித்ததும் சீனியரைப் போலவே சிவப்புப் பேனாவோடு உட்கார்கிறேன். சங்கதி வரியை அடிப்பேன், அதற்குச் சாட்சியம் என்ன என்று ஓரத்தில் கேட்டு எழுதுவேன். பதில் கிடைக்கவில்லை என்றால் அந்தப் பாத்திரத்தை எனக்கே இன்னும் தெரியவில்லை என்று வைத்துக்கொள்வேன்.

அப்புறம் அந்த ‘என்றால் சரிதான்’, ‘என்றால் சரியல்ல’. எங்கள் பக்கத்துக் கோர்ட்டுகளில் தமிழ் சாட்சியம் படித்தவர்களுக்கு இது தெரியும். குறுக்கு விசாரணையில் வக்கீல் கேள்வி கேட்பார், சாட்சி பதில் சொல்வார், இரண்டையும் சேர்த்து ஒரே வாக்கியமாகச் சாட்சியே சொன்னது போலப் பதிவாகும். “நான் சம்பவ இடத்தில் இல்லை என்றும், முன்விரோதம் காரணமாகப் பொய் சாட்சி சொல்கிறேன் என்றும் சொன்னால் சரியல்ல.” இதில் கேள்வி கேட்ட ஆள் காணாமல் போய்விட்டார். அவர் கத்தினாரா, சிரித்துக்கொண்டே கேட்டாரா, சாட்சி உடனே மறுத்தாரா, அரை நிமிடம் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டு “இல்ல” என்றாரா, ஒன்றும் தெரியாது. அப்பீல் கோர்ட்டுக்குப் போவது இந்த வாக்கியம் மட்டுமே.

எழுதிப் பழகுகிறவர்களுக்கு நான் சொல்லும் பயிற்சி இதிலிருந்து வந்தது. சாட்சியத்தை அலசி எழுதிய ஒரு விசாரணைக் கோர்ட் தீர்ப்பை எடுத்துக்கொள்ளுங்கள். அவை இணையத்திலேயே கிடைக்கின்றன. அதில் ஒரு சாட்சி சொன்னதாக வருகிற ஐந்து வரிகளை மறுபடி கேள்வி பதிலாகப் பிரித்து எழுதிப் பாருங்கள். எங்கே மௌனம் வந்திருக்கும், எங்கே நீதிபதி நிமிர்ந்து பார்த்திருப்பார் என்று போடுங்கள். இல்லாவிட்டால் ஒருநாள் நேரில் போய்ப் பின்பெஞ்சில் உட்காருங்கள். மூடிய அறை விசாரணை தவிர மற்றதெல்லாம் திறந்த நீதிமன்றம்தான், யாரும் கேட்கலாம். செல்போனை அணைத்துவிடுங்கள், டவாலி முறைப்பார். அங்கே சுத்தியல் இருக்காது, யாரும் ‘ஆர்டர் ஆர்டர்’ என்று தட்ட மாட்டார்கள். புத்தகத்தின் மேல் கை வைத்துச் சத்தியம் வாங்கவும் மாட்டார்கள், வாயால் உறுதிமொழி சொல்ல வைப்பார்கள், அவ்வளவுதான். சினிமா பார்த்துக் கோர்ட் காட்சி எழுதியவர்கள் இந்த ஒரு நாளிலேயே பாதித் தப்பைத் திருத்திக்கொள்ளலாம்.

என் முதல் நாவல் முயற்சி குப்பைக்குப் போன காரணத்தையும் சொல்லிவிடுகிறேன். அதில் மண்டபத்து மீனவர், கீழக்கரை வீட்டு உம்மா, முதுகுளத்தூர்ப் பக்கத்துச் சம்சாரி, மூன்று பேரும் வந்தார்கள். மூன்று பேரும் ஒரே ஆளாகப் பேசினார்கள். போலீஸ் விசாரணையில் எழுதும் வாக்குமூலங்களைப் படித்துப் படித்து வந்த வியாதி அது. ஒரே கேஸில் நாலு சாட்சிகளின் வாக்குமூலம் இருக்கும். “மேற்படி நபரை எனக்கு நன்றாகத் தெரியும்” என்று நாலு பேருமே தொடங்குவார்கள். வாழ்நாளில் ஒரு தடவைகூட ‘மேற்படி’ என்று சொல்லியிராத பாட்டியும் அப்படித்தான் தொடங்கும். கோர்ட்டில் இதை வைத்து நான் ஏட்டய்யாவைக் குடைந்து எடுத்திருக்கிறேன். என் நாவலில் நானே ஏட்டய்யாவாக இருந்தேன்.

அதற்குப் பிறகு ஒரு தனி நோட்டு வைத்தேன். கேஸ் டைரி வேறு, இது வேறு. டைப் ஆகாமல் போன சொற்களுக்கான நோட்டு. கோர்ட் முடிந்து ஒரு மணி நேரத்துக்குள் எழுதிவிட வேண்டும், ராத்திரி ஆனால் நம் நாக்கு அதைத் திருத்திவிடும். பெயர், ஊர், வழக்கு எண் எதுவும் கிடையாது. சொல் மட்டும். ‘எத்தனை அடி ஆழம்?’ என்று கேட்டால் ‘ரெண்டு பாகம் தண்ணி’ என்று வந்த பதில் (இரு கை விரித்த நீளம் ஒரு பாகம்). ‘எந்த வருடம் பிறந்தீர்கள்?’ என்றால் ‘புயலப்ப நான் கைக்குழந்தை’ என்று வந்த பதில். 1964 டிசம்பர் 22 ராத்திரி தனுஷ்கோடியைக் கடல் கொண்டுபோன பிறகு, எங்கள் பக்கத்துப் பெரியவர்களுக்குக் காலமே புயலுக்கு முந்தி, புயலுக்குப் பிந்தி என்று இரண்டுதான். கோர்ட் அதை வருடமாக மாற்றிப் பதிந்துகொள்ளும், மாற்றத்தான் வேண்டும். கதைக்கு அது வேண்டாமே.

ஒருமுறை ஒரு பத்திரிகையில் என் கதையில் வந்த ‘அவுக’வை எல்லாம் ‘அவர்’ ஆக்கிவிடலாமா என்று கேட்டார்கள். ராமநாதபுரம் ஜமீன் வழக்கைச் சொன்னேன். 1868இல் லண்டன் பிரிவி கவுன்சில் வரைக்கும் போன தத்தெடுப்பு வழக்கு அது. இந்து சட்டத்தில், தெளிவாக நிரூபிக்கப்பட்ட வழக்கம் எழுதப்பட்ட சட்ட வாசகத்தைவிட எடை கூடியது என்று அதில் சொன்னார்கள். சட்டக் கல்லூரியில் இன்றைக்கும் படிக்கிறார்கள். எங்கள் ஊர்க் கேஸ், எங்கள் ஊர் ‘அவுக’. உதவி ஆசிரியர் சிரித்துவிட்டு அப்படியே விட்டார்.

சொல்லைப் பிடித்தால் போதாது, இடத்தையும் பிடிக்க வேண்டும் என்பதை ஒரு கட்சிக்காரர் கற்றுக்கொடுத்தார். வள்ளக்காரர். வாய்தாவுக்கு வந்த இடத்தில் என் கதை வந்த இதழ் மேசையில் கிடக்க, எடுத்துப் படித்திருக்கிறார். ஆடி மாதம், மண்டபத்துக்கு வடக்கே கடல், ஆளுயர அலை, வள்ளம் கவிழ்கிறது. அதுதான் கதையின் உச்சம். அவர் மரியாதையாகத்தான் கேட்டார்.

“அய்யா, ஆடியில என்ன காத்து?”

“கச்சான்.”

“கச்சான் அடிச்சா எந்தக் கடல் அடிக்கும்?”

“தென்கடல்.”

“அப்ப வடகடல்ல எப்படிய்யா ஆளுயர அலை? குளம் மாதிரிக் கெடக்குமே.”

மூன்றே கேள்வி. என் வாழ்நாளில் இவ்வளவு சுத்தமான குறுக்கு விசாரணையை நான் செய்ததில்லை. பாக் ஜலசந்திப் பக்கத்தைப் பெண்கடல் என்றும் மன்னார் வளைகுடாப் பக்கத்தை ஆண்கடல் என்றும் சொல்லும் ஊரில் வளர்ந்தவன் நான். தென்மேற்குக் காற்றில் தெற்குக் கடல் கொதிக்கும், வாடை வந்தால் வடக்குக் கடல் திரும்பிக்கொள்ளும். தெரியும். ஆனால் எழுதும்போது கடல் என்றால் அலை என்று கை தானாகப் போய்விட்டது.

அன்றிலிருந்து காட்சி எழுதும் முன் பார்வை மகஜரும் மாதிரி வரைபடமும் போட்டுக்கொள்கிறேன், போலீஸ்காரர் சம்பவ இடத்தில் போடுவது போலவே. வடக்கே என்ன, தெற்கே என்ன, வீட்டு வாசல் எந்தத் திசை, நிற்கிறவருக்கும் பார்க்கிறவருக்கும் எத்தனை அடி, வெளிச்சம் எங்கிருந்து. ராத்திரிக் கேஸ் என்றால் நான் முதலில் தேடுவது வெளிச்சத்தைத்தான். தெருவிளக்கு எரிந்ததா, மகஜரில் அதைக் காட்டியிருக்கிறார்களா, பிறை எத்தனை. கதையிலும் அதே கேள்விகள். வாசகருக்கு அந்த வரைபடம் தேவையில்லை, எனக்குத் தேவை. நிலத்துக்கு நாலு மால், அதாவது நாலு பக்க எல்லை, எழுதுவது போலப் பாத்திரத்துக்கும் எழுதிப் பார்ப்பேன். அவனுக்குக் கிழக்கே யார் வீடு, மேற்கே யாரோடு பேச்சுவார்த்தை இல்லை. எங்கள் பக்கத்துப் பழைய பத்திரங்களில் ‘கிழக்கே சமுத்திரம்’ என்று வரும். பத்திரத்தில் அந்த எல்லை ஒரே இடத்தில் நிற்கும், கரையில் நிற்காது. அதை வைத்தே ஒரு கதை எழுதினேன். என் கதைகளில் எனக்குப் பிடித்தது அதுதான்.

குறுக்கு விசாரணை என்றதும் இன்னொன்று ஞாபகம் வருகிறது. நாட்டுப்படகுக்காரரின் வலையை விசைப்படகு அறுத்துவிட்டது, தட்டிக் கேட்டவரை அடித்தார்கள் என்று ஒரு கேஸ். கரையை ஒட்டிய கடலில் விசைப்படகு தொழில் செய்யக்கூடாது என்று 1983ஆம் ஆண்டுக் கடல் மீன்பிடி ஒழுங்குமுறைச் சட்டம் சொல்கிறது. வாரத்தில் 3 நாள் விசைப்படகு, 4 நாள் நாட்டுப்படகு என்று முறையும் வைத்திருக்கிறார்கள். இருந்தும் வலை அறுபடும். நான் விசைப்படகு டிரைவருக்காக ஆஜரானேன். சாட்சி, அறுபது வயது தாண்டிய நாட்டுப்படகுக்காரர். நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. கடைசியாக, “அமாவாசை இருட்டு. அந்த இருட்டில் படகில் இருந்தது யார் என்று எப்படிப் பார்த்தீர்கள்?” என்று கேட்டுத் தொலைத்தேன்.

“ராத்திரி ரெண்டு மணிக்கு வலை இழுக்கிறவன்ட்ட, இருட்டுல கண்ணு தெரியுமான்னு கேக்குறீகளேய்யா” என்றார்.

பெஞ்சு கிளார்க் சிரித்தார், நீதிபதியும் சிரித்தார். கேஸ் அங்கேயே போய்விட்டது. பதில் தெரியாத கேள்வியைக் கூண்டில் நிற்பவரிடம் கேட்காதே என்று சீனியர் சொல்லியிருந்தார்தான். எனக்கு உறுத்தியது அதுவல்ல. பதில் தெரிந்திருக்க வேண்டிய ஆள் நான். கடற்கரையில் நின்று அந்தப் படகுகளைப் பார்த்து வளர்ந்தவன், கறுப்புக் கோட்டைப் போட்டதும் மின்விளக்கு வெளிச்சத்தில் வாழ்கிறவனாக யோசித்துவிட்டேன். கதை எழுதும்போது இந்தக் கோட்டைக் கழற்றுவதுதான் பெரிய வேலை.

கழற்றாமல் எழுதியதற்கும் உதாரணம் இருக்கிறது. கடல் அட்டைக் கேஸ்கள் எங்கள் பக்கம் வந்துகொண்டே இருக்கும். 2001இல் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் சேர்த்த பிறகு அதை எடுப்பதே குற்றம். அப்பா காலத்தில் தொழில், மகன் காலத்தில் குற்றம். எதிர்க்கரையில், இலங்கையில், லைசென்ஸ் வாங்கி எடுக்கலாம். நல்ல கதைக்கான எல்லாம் இதில் இருக்கிறது. நான் என்ன செய்தேன்? கைப்பற்றுதல் மகஜரில் ஓட்டை கண்டுபிடித்து என் கதாநாயகனை விடுதலை செய்துவிட்டேன்! எழுதும்போது எனக்கு ஒரே உற்சாகம். படித்த நண்பர் சொன்னார், “கேஸ் ஜெயிச்சிருச்சு சார், ஆனா அதுல ஆள் யாரையும் காணோம்.” வனக்காவலர் எதிர்க்கட்சி என்பதால் அவருக்கு நான் ஒரு மனசே கொடுக்கவில்லை. மறுபடி எழுதினேன். காவலரும் அதே கடற்கரைப் பையன், பிடிபட்டவனோடு ஒரே பள்ளிக்கூடத்தில் படித்தவன், சாப்பாட்டுப் பொட்டலத்தைப் பாதி பிரித்துக் கொடுக்கிறான், அப்புறம் கைது செய்கிறான். வக்கீலாக எனக்கு அவனிடம் கேட்க ஒரு கேள்வியும் இல்லை. கதை அப்போதுதான் நின்றது.

போலீசில் சொன்னதைக் கூண்டில் மறுத்துவிடும் பிறழ்சாட்சிகளைப் பற்றித் தனியாகவே எழுதலாம். அரசுத் தரப்புக்கு அவர்கள் மேல் எரிச்சல், எதிரித் தரப்புக்குக் கொண்டாட்டம். “நான் எதையும் பார்க்கவில்லை” என்று ஒரு வரி, பிறகு அரசு வக்கீலே குறுக்கு விசாரணை செய்ய அனுமதி, “போலீசில் அவ்வாறு சொன்னேன் என்றால் சரியல்ல” என்று நாலு வரி, முடிந்தது. காசு வாங்கியிருப்பான் என்று வெளியே பேசிக்கொள்வார்கள். சில நேரம் அது உண்மை. ஆனால் நான் அறிந்தவர்களில் ஒருவர் அடித்தவருடைய படகில் பங்குக்குப் போகிறவர். இன்னொருவர் தன் மகளுக்கு அந்தப் பக்கத்தில் மாப்பிள்ளை பேசி வைத்திருந்தார். எல்லோரும் ஒரே கரையில் இறங்கி ஒரே கரையில் ஏற வேண்டும், ஊர்க் கூட்டத்தில் சமரசம் முடிந்துவிட்டது, இவர் மட்டும் கூண்டில் நின்று என்ன உண்மையைச் சொல்வது? காரணம் ஒன்றுகூட ரெக்கார்டில் வராது. கூண்டிலிருந்து இறங்கும்போது அடிபட்டவரைப் பார்க்காமல் இறங்குவார்களே, அந்த ஐந்தாறு எட்டு நடைக்காகவே நான் பின்பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறேன்.

இனிச் சொல்வது என் தப்பு. பல வருடம் முன்பு ஒரு குடும்ப வழக்கை வைத்துக் கதை எழுதினேன். பெயரை மாற்றினேன், ஊரை மாற்றினேன், தொழிலைக்கூட மாற்றினேன். வீட்டுக் கதவின் நிறத்தை மாற்றவில்லை. அந்தக் கதவைப் பற்றி என் ஆபீஸில் உட்கார்ந்துதான் அந்த அம்மா சொன்னார். கல்லூரியில் படித்த அவருடைய மகள் கதையைப் படித்து அந்தக் கதவை வைத்தே கண்டுபிடித்துவிட்டாள். சண்டைக்கு வரவில்லை. கேஸ் கட்டை வேறு வக்கீலிடம் மாற்றிக்கொண்டார்கள், அவ்வளவுதான். அதற்குப் பிறகு பஸ் ஸ்டாண்டில் பார்த்தால் அந்த அம்மா முந்தானையைச் சரிசெய்துகொண்டு வேறு பக்கம் திரும்பிக்கொள்வார்.

கட்சிக்காரர் வக்கீலிடம் சொன்னதை அவர் சம்மதம் இல்லாமல் வெளியிடக்கூடாது என்பது சட்டம். சாட்சியச் சட்டத்தில் பழைய 126ஆம் பிரிவு, இப்போது 132. வழக்கு முடிந்தாலும் அந்தக் கடமை முடியாது. அதை ஏதோ நீதிமன்றத்தில் மட்டும் காப்பாற்ற வேண்டிய விஷயமாக நினைத்துக்கொண்டிருந்தேன். இப்போது எனக்கு நானே சில கட்டுப்பாடுகள் வைத்திருக்கிறேன். அப்பீல் எல்லாம் முடியாத வழக்கின் பக்கமே போவதில்லை. என் ஆபீஸ் நாற்காலியில் உட்கார்ந்து சொன்னது அந்த நாற்காலியோடு சரி. கூண்டில் எல்லோர் முன்னும் சொன்னதைத்தான் எடுப்பேன், அதையும் இரண்டு மூன்று வழக்குகளைக் கலந்துதான். சின்ன விவரங்களை முதலில் மாற்றுவேன், ஏனென்றால் ஆளைக் காட்டிக்கொடுப்பது அவைதான். பாலியல் குற்றத்தில் பாதிக்கப்பட்டவர், சிறுவர் சிறுமியர் தொடர்பான எதையும், எந்த வேஷத்திலும் எழுதுவதில்லை. ஒரே ஒருவருடைய வாழ்க்கையைச் சார்ந்து நிற்கும் கதை என்றால் அவரிடமே போய்க் கேட்டுவிடுகிறேன். வேண்டாம் என்று இரண்டு பேர் சொல்லியிருக்கிறார்கள். அந்த இரண்டும் மேசைக்குள் இருக்கின்றன.

எப்போது எழுதுகிறீர்கள் என்று கேட்பார்கள். மே மாதத்தில். சிவில் கோர்ட்டுக்கு விடுமுறை. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலமும் என்பதால் விசைப்படகுகள் எல்லாம் கரையில் கட்டிக் கிடக்கும், வேலை இல்லாத கட்சிக்காரர்கள் சும்மா பேச வருவார்கள். மற்ற மாதங்களில் நோட்டு மட்டும்தான். ராமேஸ்வரம் போகும் பேருந்தில், பாம்பன் பாலத்தில் காற்றுக்குத் தாளைப் பிடித்துக்கொண்டு நாலு வரி.

கேன் சத்தக் கதையை எழுதி முடிக்க எனக்கு இரண்டு மே மாதங்கள் ஆயின. முதல் படியில் அந்தப் பெண் தீர்ப்பு நகலைக் கடலில் எறிகிறாள். எழுதிவிட்டு எனக்கே கூச்சமாக இருந்தது. அந்த நகலை வைத்துத்தான் இறப்புச் சான்றிதழ், வங்கி, வாரிசுச் சான்று எல்லாம். எந்தப் பெண் அதைக் கடலில் எறிவாள்? அதை எடுத்தேன். கோர்ட் வராந்தா, திதி பற்றிய கேள்வி, ஆடி அமாவாசை அன்று கூட்டத்தோடு கூட்டமாகத் தண்ணீரில் இறங்குவது என்று முடித்தேன். விடியற்காலை, மண்ணெண்ணெய் கேன் கதவில் முட்டும் சத்தம் என்று தொடக்கம். தொகுப்பில் சேர்க்கலாம் என்று தோன்றியபோது, கட்டுப்பாட்டுப்படி அந்த அம்மாவிடம் கேட்க வேண்டியிருந்தது.

போன மே மாதம் பட்டா மாறுதல் விஷயமாக அவரே ஆபீஸுக்கு வந்தார். கூட மகன். நாலு பக்கக் கதை, படித்துக் காட்டினேன். பதினைந்து வருடம் முன்பு வாக்குமூலத்தைக் கேட்ட மாதிரியே தலையை ஆட்டிக் கேட்டார். முடித்ததும் கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை.

“போடுங்கய்யா. பேருதான் இல்லையே” என்றார். அப்புறம், “அது மண்ணெண்ணெய் கேன் இல்லய்யா. தண்ணிக் கேனு.”

“தண்ணிக் கேனா?”

“குடிக்கக் கொண்டுபோற தண்ணிக் கேனு. காலியா இருந்துச்சு. காலிக் கேனு முட்டுனா டொக்குன்னு கேக்கும்ல. தண்ணி பிடிக்க மறந்துட்டாகளோன்னு நெனச்சுக்கிட்டே தூங்கிட்டேன்.”

கடலுக்குப் போகிறவர் கையில் கேன் என்றால் மண்ணெண்ணெய் என்று நானாக எழுதிக்கொண்டேன். கேனில் என்ன இருந்தது என்று கோர்ட்டில் யாரும் கேட்கவில்லை. வராந்தாவில் நானும் கேட்கவில்லை.

பட்டா மனுவில் கையெழுத்து வாங்கிக்கொண்டேன். அவர்கள் இறங்கிப் போன பிறகு கதைக் கட்டை மறுபடி அவிழ்த்தேன். இன்னும் கட்டவில்லை.